மன்னிமார்கோ இருவர்: 'மேற்கின் திரிபு' விட்டுச்சென்ற எச்சம்

'தி எல்டர் ஸ்க்ரோல்ஸ்' கணினி விளையாட்டுத் தொடரில் 2006-இல் வெளிவந்த 'ஒப்லிவியன்' விளையாட்டில் மந்திரவாதிகள் சங்கத்தில் சேர்ந்து உழைப்பவர் கடைசியில் எக்கோ குகைக்குப் போய்ச் சேர்கிறார். அங்கே காத்திருப்பவன் மன்னிமார்கோ. பட்டம், புழுக்களின் அரசன். பிணங்களை எழுப்பும் வித்தையில் அவனை மிஞ்ச ஆளில்லை என்று இந்தத் தொடரின் பழைய பகுதிகள் அவனுக்குப் பெரும் பீடம் போட்டு வைத்திருந்தன. அவனுடைய வசியத்திலிருந்து நம்மைக் காப்பாற்றுவதற்காக, சங்கத்தின் தலைவர் ஹன்னிபல் டிராவன் தம் உயிரையே ஒரு கருங்கல்லில் அடைத்துத் தருகிறார். இத்தனை ஆயத்தத்துக்குப் பிறகு குகைக்குள் நுழைந்தால், மனிதரை ஒத்த எல்ஃப் இனத்தான் ஒருவன் அங்கி அணிந்து நிற்கிறான். சற்று நேரச் சண்டையில் விழுந்துவிடுகிறான். இவனுக்குத்தானா இவ்வளவு ஆர்ப்பாட்டம் என்று அன்றைக்கு முணுமுணுக்காத ஆட்டக்காரர் குறைவு.

அதே விளையாட்டில் இன்னொரு செய்தியும் இருக்கிறது. பிணவித்தைக்காரர்கள் வானத்தில் ஒரு நிலாவைத் தொழுகிறார்கள். அது அவர்கள் தலைவன் தெய்வமாகி வானேறிய வடிவமாம். ஈமச் சடங்குகளுக்கும் இறந்தோருக்கும் காவலான ஆர்கே என்ற தெய்வத்தை அந்த நிலா குறித்த இரவுகளில் மறைக்கிறது. அந்த நிழலில்தான் மனித ஆன்மாக்களைச் சிறைப்பிடிக்கும் கருங்கற்கள் தயாராகின்றன. அந்தத் தலைவனும் மன்னிமார்கோதான். தெய்வமாகி வானத்தில் நிற்பவன் அவன் என்றால், குகையில் செத்தவன் யார்?

எழுதியவர்களின் கவனக்குறைவு என்று இதைத் தள்ளிவிடுவது எளிது. நான் அப்படித் தள்ளத் தயாரில்லை. காலத்தை மந்திரத்தால் வளைக்கப்போய்க் கை தவறிய ஒரு விபத்தின் நேரடி விளைபொருள் குகையில் கிடந்த அந்த உடல். அந்த விபத்தை உருவாக்கியவர்களோ, அவ்வுலகின் மந்திரவாதிகளோ அவனை உருவாக்க நினைக்கவில்லை. கணக்கை நேர்செய்தபோது ஒதுக்க இடமில்லாமல் மிஞ்சியவன் அவன்.

சம்பவம்

'தி எல்டர் ஸ்க்ரோல்ஸ்' தொடரின் கற்பனைக் கண்டம் டாம்ரியேல். அதன் வடமேற்கில் இலியாக் விரிகுடா. அதைச் சுற்றி நாற்பத்து நான்கு சிறு அரசுகளும் கோமான் ஆட்சிகளும் ஒன்றோடொன்று மல்லுக்கட்டிக்கொண்டிருந்தன. மூன்றாம் யுகம் 417-ஆம் ஆண்டு, ஃப்ராஸ்ட்ஃபால் மாதத்தில் ஓரிரு நாட்களுக்குள் அந்த நாற்பத்து நான்கும் நான்காகச் சுருங்கிவிட்டன: டேகர்ஃபால், சென்டினல், வேரெஸ்ட், ஓர்சினியம். நான்குமே பேரரசுக்கு விசுவாசம் தெரிவித்தன. இடையில் நடந்த போர்களை யாராலும் கோவையாகச் சொல்ல முடியவில்லை. ஊர்கள் அழிந்திருந்தன, எல்லைகள் நகர்ந்திருந்தன, ஆனால் எந்தப் படை எப்போது எந்த வழியாக வந்தது என்பதற்கு ஒத்துப்போகும் சாட்சியம் கிடையாது. அரசாங்கம் இதற்கு 'அமைதியின் அற்புதம்' என்று பெயர் சூட்டித் தெய்வங்களின் தலையில் பொறுப்பைப் போட்டது. மற்றவர்கள் இதை 'வார்ப் இன் தி வெஸ்ட்', அதாவது மேற்கின் திரிபு என்றார்கள்.

நடுவில் நின்ற பொருள் நூமிடியம். நிலத்தடியில் வாழ்ந்த ட்வெமர் இனத்தின் தலைமைப் பொறியாளன் ககிரெனாக் திட்டமிட்ட பித்தளைப் பெருவுருவம் அது. இறந்துபோன ஒரு தெய்வத்தின் இதயத்தால் அதை இயக்குவது அவன் திட்டம். முயற்சியின்போது ட்வெமர் இனமே ஒட்டுமொத்தமாக உலகிலிருந்து மறைந்துவிட்டது. பல நூற்றாண்டுகள் கழித்து அந்த வெற்றுடல் டைபர் செப்டிம் என்ற பேரரசனின் கைக்கு வந்தது. இதயத்துக்கு மாற்றாக மாண்டெல்லா என்ற பச்சைக்கல் உருவாக்கப்பட்டு, ஓர் ஆன்மா அதில் அடைக்கப்பட்டது. ஆன்மாவைப் பறிகொடுத்தவன் சாகவும் முடியாமல் வாழவும் முடியாமல் 'அண்டர்கிங்' ஆகத் திரிந்தான். அந்த ஆள் பேரரசனின் போர் மந்திரவாதி ஜூரின் ஆர்க்டஸ் என்கிறது ஒரு மரபு. இல்லை, வுல்ஃப்ஹார்த் என்ற பழைய நோர்ட் அரசன் என்கிறது இன்னொன்று. நூமிடியத்தோடு தொடர்புடைய எவரைத் தொட்டாலும் இப்படி இரட்டை வரலாறு கையில் ஒட்டிக்கொள்கிறது.

நூமிடியம் நடக்கும் இடத்தில் காலம் உடைகிறது என்பதுதான் அதன் உண்மையான ஆபத்து. இவ்வுலகில் காலத்தின் தெய்வம் அக்கடோஷ், டிராகன் வடிவினன். எனவே காலம் ஒற்றைக்கோடாக ஓடாமல் பல கிளையாகப் பிரிந்து, பிறகு எப்படியோ மீண்டும் சேரும் நிகழ்வை 'டிராகன் பிரேக்' என்கிறார்கள். பிரிந்திருக்கும் நேரத்தில் ஒன்றுக்கொன்று முரணான நிகழ்ச்சிகள் எல்லாமே நடக்கின்றன, எல்லாமே உண்மை.

ஏழு கைகள்

1996-இல் வெளிவந்த 'டேகர்ஃபால்' விளையாட்டில் நாம் பேரரசர் ஏழாம் யூரியல் செப்டிமின் ஒற்றர். லைசான்டஸ் என்ற அரசனின் ஆவியை அடக்குவதும், காணாமல்போன ஒரு கடிதத்தைத் தேடுவதும் நமக்கு இட்ட வேலை. தோண்டத் தோண்ட நூமிடியத்தை ஆட்டுவிக்கும் இலச்சினை வெளிப்படுகிறது. அதற்கு ஏழு தரப்பினர் கை நீட்டுகிறார்கள். டேகர்ஃபால் அரசன் கோத்ரிட், வேரெஸ்ட் அரசன் ஈட்வயர், சென்டினல் அரசி அகோரிதி, ஓர்க் இனத் தலைவன் கோர்ட்வாக், அண்டர்கிங், மன்னிமார்கோ, பேரரசரின் ஒற்றர் படையான பிளேட்ஸ். யாரிடம் கொடுப்பது என்பது ஆடுபவரின் விருப்பம், கொடுத்தவருக்கேற்ப முடிவு மாறும். மூன்று அரசுகளில் ஒன்றுக்குக் கொடுத்தால் அது அண்டையாரை விழுங்கும். கோர்ட்வாக்கிடம் போனால் ஓர்க்குகளுக்கு ஓர்சினியம் என்ற நாடு கிடைக்கும். அண்டர்கிங்கிடம் போனால் அவனுக்குத் தன் ஆன்மாவும் அதோடு சாவும் கிடைக்கும். பிளேட்ஸ் வாங்கினால் விரிகுடா முழுவதும் பேரரசுக்கு அடங்கும். மன்னிமார்கோ வாங்கினால் அவன் தெய்வமாவான்.

விளையாட்டாக இது அற்புதமான ஏற்பாடு. தொடர்கதையாகப் பார்த்தால் கண்ணிவெடி. அடுத்த பாகம் எந்த முடிவிலிருந்து தொடங்குவது? ஒன்றைத் தேர்ந்தால் மற்ற ஆறு பேருக்குக் கொடுத்தவர்கள் பாடுபட்டதெல்லாம் நடக்காத கதையாகிவிடும். தொடரைத் தயாரிக்கும் பெதெஸ்டா நிறுவனத்தின் எழுத்தாளர்கள் 2002-இல் 'மாரோவிண்ட்' வந்தபோது எடுத்த முடிவு துணிச்சலானது: எதையும் தேர்வதில்லை, ஏழும் நடந்தன. காலம் உடைந்தது, ஏழு கிளையிலும் வரலாறு ஓடியது, திரும்பச் சேர்ந்தபோது ஒவ்வொருவரும் வென்றதை வைத்துக்கொண்டார்கள். தயாரிப்புச் சிக்கல் ஒன்றுக்கு இறையியலில் விடை கண்ட வேறு விளையாட்டு நிறுவனம் என் நினைவுக்கு வரவில்லை.

ஆயிரத்தெட்டு ஆண்டு முன்னோட்டம்

திரிபுக்கு ஒரு முன்னோடி வேண்டும், இல்லையென்றால் ஒட்டுப்போட்டது அப்பட்டமாகத் தெரியும். அதற்காக மாரோவிண்டின் உள்ளே கிடைக்கும் ஏடுகளில் ஒரு பழைய விபத்து விதைக்கப்பட்டது. என்னைக் கேட்டால், திரிபைவிட அதுதான் சுவையானது.

முதல் யுகத்தில் மருக் என்ற தீர்க்கதரிசியைப் பின்பற்றிய ஒரு தீவிரக் கூட்டம் இருந்தது. மருக் மனிதனே அல்ல, இம்கா எனப்படும் வாலில்லாக் குரங்கினத்தான். ஆனால் அவன் சீடர்களுக்கு எல்ஃப்களைக் கண்டால் ஆகாது. அவர்கள் வணங்கிய அக்கடோஷோ பாதி எல்ஃப் வம்சாவளி. எல்ஃப்களின் ஆரி-எல் என்ற தெய்வத்தின் சாயல் அவனுக்குள் கலந்திருந்தது. பேரரசி அலெசியா மனிதரின் தெய்வங்களையும் எல்ஃப்களின் தெய்வங்களையும் ஒரே கூரையின் கீழ் வைக்கச் செய்த சமரசத்தின் பலன் அது. அந்தக் கலப்பைப் பிரித்தெடுக்கக் கூட்டம் முடிவுசெய்தது. காலத் தெய்வத்தின் மீது சடங்கு வழியாகச் செய்த அறுவைச் சிகிச்சை என்றே இதைச் சொல்லலாம். முதல் யுகம் 1200-இல் சடங்கு தொடங்கியது, காலம் நொறுங்கியது. 2208-இல்தான் மறுபடி ஒழுங்குக்கு வந்தது. இடைப்பட்ட 1008 ஆண்டுகளை 'நடு விடியல்' என்கிறார்கள்.

அந்த ஆண்டுகளை எப்படி எண்ணினார்கள் என்பது நியாயமான கேள்வி. பூனையின மக்களான கஜீத்துகள் தங்கள் பதிலைப் பெருமையோடு சொல்கிறார்கள்: நிலவுகள் மட்டும் நிலையாக இருந்தன, அவற்றைப் பார்த்து எண்ணியவர்கள் நாங்கள், எங்கள் கணக்கைத்தான் மற்றவர்கள் திருடிக்கொண்டார்கள். மனிதர்கள் அப்போது நிழல்களோடு போரிட்டுக்கொண்டும் சொந்தத் தகப்பனையே பெற்றெடுத்துக்கொண்டும் இருந்ததாக அதே கஜீத் ஏளனம் செய்கிறான். நம் ஆய்வுக்கு இந்த ஏளனம் முக்கியம். மகன் பெற்ற தகப்பன் எங்கிருந்து வந்தான்? அவனுக்கு மூலம் கிடையாது. சடங்கு அவனைப் படைக்க விரும்பவில்லை, அவன் இருப்பதையே அறியவில்லை. காலம் சரியானபோது அவன் எங்கே போனான் என்று எந்த ஏடும் சொல்வதில்லை. நடு விடியலின் எச்சங்கள் பெயரற்றவை. மேற்கின் திரிபின் எச்சத்துக்கு மட்டும் பெயரும் முகவரியும் உண்டு.

மறுப்பாளர் ஒருவரையும் எழுத்தாளர்கள் உள்ளேயே வைத்திருக்கிறார்கள். ஃபால் ட்ரூன் என்ற அவ்வுலக அறிஞர், டிராகன் பிரேக் என்பதே பிற்காலத்தவர் ஆண்டுக் கணக்கில் செய்த பிழை, ஆயிரம் ஆண்டு தொலைந்துபோகவில்லை, தவறாக எண்ணப்பட்டது, அவ்வளவுதான் என்று வாதிடுகிறார். சிரித்துவிட்டுப் போக முடியாத வாதம். நம் உலகின் பண்டை வரலாற்றிலும் அரசர் பட்டியல்களும் கிரகணக் குறிப்புகளும் ஒத்துப்போகாமல் ஆய்வாளர்கள் தலையைப் பிய்த்துக்கொள்வதுண்டு. ட்ரூனை நம்பினால் நடு விடியல் வெறும் கட்டுக்கதை. ஆனால் திரிபை அவரால் கரைக்க முடியாது. 417-இல் உயிரோடிருந்தவர்கள் மாரோவிண்டின் காலத்திலும் இருக்கிறார்கள், நாற்பத்து நான்கு அரசுகள் நான்கானதைக் கண்ணால் பார்த்தவர்கள்.

யார் பிழைத்தார், யார் இரட்டித்தார்

ஏழு முடிவுகளையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்துப் பார்த்தால் பெரும்பாலானவை ஆச்சரியப்படும் அளவுக்குப் பொருந்துகின்றன. நிலத்தைப் பங்கிடலாம். டேகர்ஃபாலும் சென்டினலும் வேரெஸ்டும் ஆளுக்கொரு பக்கம் சிற்றரசுகளை விழுங்கினால், மூன்றுமே வென்றதாகச் சொல்லிக்கொள்ளலாம். மூன்றும் பேரரசுக்குக் கப்பம் கட்டினால் யூரியல் செப்டிமும் வென்றவர். அண்டர்கிங் செத்துப்போனவன், இறந்தவனோடு யாருக்கும் முரண்பாடில்லை.

ஓர்க்குகளின் வெற்றிதான் எதிர்பாராத பலன் தந்தது. டேகர்ஃபாலில் ஓர்க் என்பது நிலவறையில் எதிர்ப்பட்டால் வெட்ட வேண்டிய அரக்கன், ஆட்டக்காரர் ஓர்க்காகப் பிறக்கவே முடியாது. மாரோவிண்டில் அவர்கள் தேர்ந்தெடுக்கக்கூடிய இனம், பேரரசின் குடிமக்கள், படையில் இருக்கிறார்கள், கடை நடத்துகிறார்கள். இடையில் நடந்தது திரிபும் கோர்ட்வாக்கின் ஓர்சினியமும்தான். ஒரு முழு இனம் அரக்கர் பட்டியலிலிருந்து மனிதர் பட்டியலுக்கு ஓரிரு நாட்களில் மாறியிருக்கிறது. எந்தச் சட்டமும் இயற்றப்படவில்லை, காலம் உடைந்தது மட்டுமே காரணம். இதைத் திரிபின் நற்பலன் என்று தயங்காமல் சொல்வேன்.

சிக்கல் மன்னிமார்கோவில் வருகிறது. மற்றவர்கள் கேட்டது நிலம், சாவு, கப்பம், அங்கீகாரம். இவை கிடைத்தால் கிடைக்காத கிளைகள் சத்தமில்லாமல் அவற்றுள் கரைந்துவிடுகின்றன. வேரெஸ்ட் வெல்லாத ஆறு கிளைகளுக்கு என்ன ஆயிற்று என்று யாரும் கேட்பதில்லை, எல்லைக்கோடு மாறிவிட்டது, முடிந்தது. மன்னிமார்கோ கேட்டதோ வேறோர் உயிராக ஆவதை. ஒரு கிளையில் அவன் உடலை உதறித் தெய்வமாகிவிட்டான். மற்ற ஆறு கிளைகளில் ஸ்கர்க் பாரோ என்ற தன் இருப்பிடத்தின் கல்லறை மண்டபத்தில் ஏமாந்துபோய் உட்கார்ந்திருக்கிறான். தெய்வத்துக்குள் அந்த ஏமாந்தவனைக் கரைக்க முடியாது, ஏனென்றால் அவன் நிலமோ கப்பமோ அல்ல. அவனுக்கு உடல் இருக்கிறது, நினைவு இருக்கிறது, நேற்று வரை தானே புழுக்களின் அரசன் என்ற நிச்சயம் இருக்கிறது. காலம் மீண்டும் ஒன்றானபோது வெற்றி வானத்துக்குப் போனது, தோல்வி தரையில் தங்கிவிட்டது.

இரண்டையும் ஒப்லிவியன் அருகருகே வைத்துவிட்டு, இணைக்கும் வேலையை ஆடுபவரிடம் விட்டுவிடுகிறது. இணைத்துப் பார்த்தால் எக்கோ குகையின் சப்பென்ற சண்டைக்கே அர்த்தம் வருகிறது. அவன் ஏன் அவ்வளவு பலவீனமாக இருக்கிறான்? வலிமை முழுவதும் மேலே போய்விட்டது. அவன் ஏன் மந்திரவாதிகள் சங்கத்தோடு இப்படி வெறிகொண்டு மோதுகிறான்? பழைய பகை காரணமாக இருக்கலாம். சங்கத்தை நிறுவிய வேனஸ் கேலரியனும் இவனும் ஒரு காலத்தில் ஆர்டேயம் தீவில் சேர்ந்து படித்தவர்கள். ஆனால் தன் சீடர்கள் தன்னை விட்டுவிட்டு வானத்திலிருக்கும் தன்னையே வணங்குவதைப் பார்த்துக்கொண்டிருப்பவனுக்கு வேறு என்ன வழி இருக்கிறது என்றும் கேட்கலாம். பக்தர்களின் நிலா தோன்றும் ஒவ்வோர் இரவும் அவனுக்கு அவமானம். விளையாட்டின் வசனங்களில் இந்த மனநிலைக்குச் சான்று கிடையாது, இது என் வாசிப்பு. வசனம் எழுதியவர்கள் இந்த வாய்ப்பைக் கோட்டைவிட்டார்கள் என்றும் சொல்வேன். குகையில் அவன் ஒரே ஒரு வாக்கியத்தில் நிலாவைச் சபித்திருந்தால்கூடப் போதும், தொடரின் மிகச் சோகமான வில்லன் ஆகியிருப்பான்.

காரணம் எங்கே

விபத்து ஆய்வுகளில் உடனடிக் காரணத்தையும் மூலக் காரணத்தையும் பிரித்துப் பார்ப்பார்கள். உடனடிக் காரணம் நூமிடியம். மூலக் காரணம் டாம்ரியேலுக்கு வெளியே இருக்கிறது: ஆட்டக்காரரின் விருப்பத்துக்குக் கடிவாளம் போடாமல் விட்டுவிட்டு, பின்னர் அந்த விருப்பங்கள் அனைத்தையும் மதிக்க முயன்றது. ஏழு வழிகளையும் திறந்துவிட்டவர்களுக்கு அடுத்த பாகம் ஒன்று வரும், அதுவும் அதே உலகில் நடக்கும் என்பது பொருட்டாக இருந்ததாகத் தெரியவில்லை. மாரோவிண்டை எழுதியவர்கள் அந்தக் கடனைத் தலையில் வாங்கிக்கொண்டார்கள். மதித்தது சரி. ஆனால் நாட்டுக்குப் பொருந்தும் தீர்வை ஆளுக்கும் போட்டுப் பார்த்தார்கள், பொருந்தாத இடத்தில் ஒரு மன்னிமார்கோ பிதுங்கி வெளியே வந்துவிட்டான்.

திரும்ப நிகழாமல் தடுக்க இரண்டு இடங்களில் நடவடிக்கை எடுக்கப்பட்டது. கதைக்குள்: மாரோவிண்டின் பகைவன் டகோத் ஊர், செம்மலையின் வயிற்றில் அகுலாகான் என்று இரண்டாவது நூமிடியம் ஒன்றைக் கட்டிக்கொண்டிருக்கிறான், அதே தெய்வ இதயத்தை வைத்து. திரிபு நடந்து பத்தே ஆண்டுகள் ஆகியிருக்கின்றன. அதைத் தகர்ப்பதுதான் நம் பணி. இதயமும் அதோடு போய்விடுகிறது. கதைக்கு வெளியே: டேகர்ஃபாலுக்குப் பிறகு வந்த முக்கியப் பாகங்களின் மையக் கதைக்கு ஒரே முடிவுதான். மாரோவிண்டில் டகோத் ஊர் வீழ்கிறான், ஒப்லிவியனில் நரக வாயில்கள் மூடப்படுகின்றன, 2011-இல் வந்த 'ஸ்கைரிமில்' ஆல்டுவின் என்ற டிராகன் தோற்கிறது. ஸ்கைரிமிலும் காலத்தில் ஒரு காயம் உண்டு. பழைய வீரர்கள் மூவர் ஆல்டுவினைக் கொல்ல முடியாமல் எல்டர் ஸ்க்ரோல் என்ற மந்திரச் சுருளை வைத்துக் காலத்துக்கு வெளியே தள்ளிவிட, அது பல்லாயிரம் ஆண்டுகள் கழித்து நம் தலையில் வந்து விழுகிறது. ஆனால் அங்கே எவரும் இரட்டிக்கவில்லை. ஒரே ஆல்டுவின், நாள் தள்ளி வந்திருக்கிறது.

ஓர் ஓட்டையை மட்டும் அடைக்காமல் விட்டிருக்கிறார்கள். ஸ்கைரிமின் உள்நாட்டுப் போரில் நாம் எந்தப் பக்கமும் சேரலாம். பேரரசின் பக்கம் சேர்ந்தால் கிளர்ச்சித் தலைவன் உல்ஃப்ரிக் சாகிறான், கிளர்ச்சியாளரோடு சேர்ந்தால் தளபதி டுல்லியஸ் சாகிறார். ஆறாம் பாகம் வரப்போகிறது என்று 2018-இல் அறிவித்தாயிற்று. அதன் கதை ஸ்கைரிமுக்குப் பிந்திய காலத்தில் அமைந்தால் இந்தக் கேள்வி வாசலில் நிற்கும். மறுபடியும் டிராகனை உடைக்கச் சொல்லிப் பல ரசிகர்கள் கேட்கிறார்கள். கூடாது என்பேன். பேரரசும் கிளர்ச்சியும் நிலத்தைப் பங்கிட்டுக்கொள்ளும், ஆனால் செத்த உல்ஃப்ரிக்கும் சாகாத உல்ஃப்ரிக்கும் ஒரே அரியணைக்கு வந்து நிற்பார்கள். அதற்குப் பதில் ஃபால் ட்ரூன் போன்ற இரண்டு அறிஞர்களை எழுதி, போர் எப்படி முடிந்தது என்று ஒருவரையொருவர் ஏடு ஏடாகத் திட்டிக்கொள்ள விட்டால் போதும்.